ஏழு டாலர் சம்பளம் வேண்டாம்

நான்: (படம்) மாலையில் பாஸ்டன் காமன் பூங்கா வரை நடந்து போனேன். சட்டமன்றக் கட்டடத்துக்கு எதிரே இந்த வெண்கலச் சிற்பம். பாருங்கள், ஒரு முகம் போல இன்னொரு முகம் இல்லை.

சித்தி: குதிரைமேல் இருப்பது யார்? ராஜாவா?

நான்: கர்னல் ராபர்ட் கூல்ட் ஷா, சித்தி. அப்போது வயது 25. கூட நடப்பவர்கள் 54வது மாசசூசெட்ஸ் ரெஜிமென்ட். அமெரிக்க உள்நாட்டுப் போரில் வட மாநிலங்கள் திரட்டிய முதல் கறுப்பர் படைகளில் ஒன்று. எல்லாரும் தாமாக வந்து சேர்ந்தவர்கள். 1863 மே 28 அன்று இந்தத் தெரு வழியாகத்தான் அணிவகுத்துப் போனார்கள்.

சித்தப்பா: (படம்: ரோஜாப்பூ, இனிய காலை வணக்கம்)

அம்மா: அங்கே குளிர் எப்படி? ஸ்வெட்டர் போட்டாயா?

நான்: போட்டேன் அம்மா.

குட்டி: அக்கா, ஏதோ கோட்டையைத் தாக்கியது இவர்கள்தானே?

நான்: ஆமாம் குட்டி. சார்ல்ஸ்டன் துறைமுகத்துக்குப் பக்கத்தில் வாக்னர் கோட்டை. ஜூலை 18, இருட்டும் நேரம், கடற்கரை மணலில் ஓடிப்போய்த் தாக்கினார்கள். சுமார் 600 பேரில் 270 பேருக்கு மேல் செத்தோ, காயம்பட்டோ, காணாமலோ போனார்கள். கோட்டை விழவில்லை. ஷாவும் அங்கேயே செத்தார். எதிரிகள் அவரை அவருடைய கறுப்பு வீரர்களோடு ஒரே குழியில் புதைத்துவிட்டார்கள். அவருடைய அப்பா, உடலைத் தோண்டி எடுக்க வேண்டாம், வீரர்களோடு கிடப்பதே சரி என்றார்.

சித்தி: அடப்பாவமே. பெத்தவருக்கு எவ்வளவு நெஞ்சுரம்.

நான்: பெரியப்பா, உங்களுக்குப் பிடித்த சங்கதி இதில் ஒன்று இருக்கிறது. சம்பளம்!

பெரியப்பா: சொல். 34 வருடம் சம்பளப் பில் பார்த்தவன் நான்.

நான்: சேரும்போது மாதம் 13 டாலர் என்றார்கள். வெள்ளைச் சிப்பாய்க்கு அதுதான். இவர்களுக்குப் போட்டது 10. அதிலும் துணிக்கு 3 பிடித்தம். கைக்கு ஏழு.

பெரியப்பா: எந்த விதியின்படி?

நான்: 1862இல் போட்ட மிலிஷியா சட்டம், அதாவது குடிமக்கள் படைக்கான சட்டம். கறுப்பரை மண் வெட்டவும் மூட்டை தூக்கவும் எடுப்பதாக நினைத்து எழுதிய பிரிவு.

பெரியப்பா: அதுதானே. கூலியாளுக்கு எழுதிய பிரிவைச் சிப்பாய்க்குப் போட்டுவிட்டார்கள். பில் எழுதுகிறவன் செய்கிற வேலை இது. சரி, அப்புறம்?

நான்: ஒரு பைசா தொடவில்லை. மாசசூசெட்ஸ் மாநில அரசே வித்தியாசத்தைத் தருகிறேன் என்று பணத்தோடு ஆள் அனுப்பியது. அதையும் வாங்கவில்லை.

குட்டி: அதை ஏன் விட்டார்கள்? 13 முழுசாகக் கைக்கு வந்திருக்குமே?

பெரியப்பா: வாங்கினால் ஏழு சரி என்று ஒப்புக்கொண்டது போல ஆகிவிடும், குட்டி. நாங்களெல்லாம் "ஆட்சேபணையுடன் பெற்றுக்கொண்டேன்" என்று எழுதிவிட்டு வாங்கிக்கொள்வோம். இவர்கள் அதற்கும் மேலே. எத்தனை மாதம்?

நான்: சுமார் 18.

பெரியப்பா: 7 பெருக்கல் 18. ஆளுக்கு 126 டாலரைக் கையில் வாங்காமலே சண்டை போட்டிருக்கிறார்கள்.

அம்மா: வீட்டில் பெண்டாட்டி பிள்ளைகள் என்ன சாப்பிட்டார்கள்?

நான்: ரொம்பவே கஷ்டப்பட்டார்கள் அம்மா. இவர்களில் ஜேம்ஸ் ஹென்றி குடிங் என்ற கார்ப்பரல், நாங்கள் சிப்பாய்களா கூலியாட்களா என்று கேட்டு லிங்கனுக்கே கடிதம் எழுதினார். 1864 பிப்ரவரியில் ஃபுளோரிடாவில் ஒலஸ்டீ சண்டை. அங்கே "மாசசூசெட்ஸுக்கும் மாதம் ஏழு டாலருக்கும் ஜே" என்று கத்திக்கொண்டே இறங்கினார்களாம்.

குட்டி: செம நக்கல்.

நான்: குடிங் அதே சண்டையில் காயம்பட்டுப் பிடிபட்டார். ஆண்டர்சன்வில் சிறைமுகாமில் ஜூலையில் செத்துப்போனார். சட்டம் திருத்தியது ஜூனில், பணம் வந்தது இலையுதிர் காலத்தில்.

பெரியப்பா: சட்டத்தில் நிபந்தனை ஏதும் போடாமலா விட்டிருப்பார்கள்?

நான்: போட்டார்கள். 1861 ஏப்ரல் 19 அன்று அடிமையாக இல்லாதவருக்குத்தான் சேர்ந்த நாளிலிருந்து முழுச் சம்பளம். மற்றவருக்கு 1864 ஜனவரி முதல்தான். ஷாவுக்குப் பின் வந்த கர்னல் ஹாலோவெல் ஓர் உறுதிமொழி தயாரித்தார். அந்தத் தேதியில் கூலியில்லாமல் உழைத்துத் தர வேண்டிய கடன் எவருக்கும் எனக்கு இல்லை என்று சத்தியம். அடிமையாக இருந்தவரும் மனசாட்சியோடு செய்யலாம். அப்படி உழைக்க யாரும் கடன்பட்டிருக்க முடியாதே!

பெரியப்பா: ஆஹா! வாசகத்தை எழுதியவன் கையைப் பிடித்து முத்தமிட வேண்டும். எங்கள் அலுவலகத்தில் இப்படி ஓர் ஆள் இருந்திருந்தால் என் அரியர்ஸ் நாலு வருடம் இழுத்திருக்காது.

நான்: இழுத்தடிப்பு என்றால் இதையும் கேளுங்கள். வாக்னரில் வில்லியம் கார்னி பல குண்டு பட்டும் கொடியைத் தரையில் படவிடாமல் கொண்டுவந்தார். பதக்கம் கொடுத்தது 1900இல்.

பெரியப்பா: 37 வருடம்!

சித்தி: சிற்பத்தில் இவர்கள் பெயரெல்லாம் இருக்கிறதா?

நான்: 1897இல் திறந்தபோது செத்த வெள்ளை அதிகாரிகள் பெயர் மட்டும்தான். கறுப்பு வீரர்கள் பெயரை 1982இல்தான் பின்பக்கத்தில் செதுக்கினார்கள். நான் எடுத்தது முன்பக்கம் மட்டும்.

பெரியப்பா: நாளைக்குப் பின்பக்கத்தையும் எடு. பெயரை ஒவ்வொன்றாக வாசிக்கிற மாதிரி கிட்டப் போய் எடு.