கே.பாலசந்தர் படங்களை எந்த வரிசையில் பார்த்துப் படிப்பது?

சுவரெழுத்து:
சமூகக் கதைகளை எழுதி இயக்கும் எண்ணத்தில் கே.பி. படங்களைப் படிக்கப் போறேன். எல்லாத்தையும் பார்க்கணுமா, சிலது போதுமா? பார்க்கும்போது எதைக் குறிச்சு வைக்கணும்?

நாலாம்பக்கம்:
அஞ்சு படம் போதும். நீர்க்குமிழி (1965), எதிர்நீச்சல் (1968), அரங்கேற்றம் (1973), அவள் ஒரு தொடர்கதை (1974), தண்ணீர் தண்ணீர் (1981). வருஷ வரிசையிலேயே பாருங்க. அவர் ஏ.ஜி. ஆபீஸ் (அரசுக் கணக்குத் தணிக்கை அலுவலகம்) வேலையில் இருந்துக்கிட்டே மேடை நாடகம் போட்டவர், ஆரம்பப் படங்களில் மேடை அப்படியே தெரியும். நீர்க்குமிழி ஓர் ஆஸ்பத்திரிக்குள்ளே நடக்குது, எதிர்நீச்சல் பல குடித்தனம் இருக்கிற ஒரே வீட்டில். அத்தனை பேரை எப்போ உள்ளே விடுறார், எப்போ வெளியே அனுப்புறார்னு கவனிங்க. எதிர்நீச்சலில் இருமல் தாத்தா திரையில் வரவே மாட்டார், இருமல் மட்டும்தான் கேட்கும். ஆனா அந்த வீட்டில் அவரும் ஒரு ஆள்.

முதல் தடவை நிறுத்தாம பாருங்க. ரெண்டாவது தடவை நோட்டை எடுத்து, காட்சிக்கு ஒரு வரியா நாலு கட்டம் போடுங்க: இடம், யாருக்கு என்ன வேணும், யார் தடுக்கிறாங்க, காட்சி முடியும்போது என்ன மாறிச்சு. ரெண்டரை மணி நேரப் படத்துக்கு 60, 70 வரி வரலாம். நாலாவது கட்டம் காலியா இருக்கிற வரியை வட்டம் போடுங்க. பெரும்பாலும் அங்கேதான் பாத்திரம் கதையை விட்டுட்டு நமக்குப் பாடம் எடுக்கும். கே.பி.கிட்டயும் இது உண்டு. அரங்கேற்றத்தில் குடும்பக் கட்டுப்பாட்டை வாயால் பேசுற இடங்களையும், மூத்த மகள் லலிதா அனுப்புற பணத்தில் அந்தப் பிள்ளைக்குட்டி நிறைஞ்ச வீடு நிமிர்ற இடங்களையும் பக்கத்துல பக்கத்துல வச்சுப் பாருங்க. மனசில் நிக்கிறது ரெண்டாவதுதான்.

கரிசல்:
தண்ணீர் தண்ணீர் கோமல் சுவாமிநாதனின் நாடகம். கிடைத்தால் முதலில் நாடகத்தைப் படித்துவிடுங்கள். எதை வெட்டவெளிக்குக் கொண்டுபோனார், எதை வசனமாகவே விட்டார் என்று அப்போதுதான் பிடிபடும். திரைக்கதைக்குத் தேசிய விருது வாங்கிய படம்.

முயற்சிகளின் அடுக்கைப் பாருங்கள். தண்ணீரில்லாத அத்திப்பட்டி கிராமத்துக்காரர்கள் அரசாங்கத்திடம் கேட்கிறார்கள், நடக்கவில்லை. வெள்ளைச்சாமி மாட்டுவண்டியில் தண்ணீர் கொண்டுவருகிறான். பிறகு ஊரே கூடி வாய்க்கால் வெட்டுகிறது, சட்டம் குறுக்கே வருகிறது. ஒவ்வொரு படியிலும் இழப்பதற்கு இன்னும் அதிகம் இருக்கிறது. புதிதாக எழுதுகிறவர்கள் சறுக்குவது இங்கேதான்: ஒரே மோதலை மூன்று முறை, சத்தத்தை மட்டும் கூட்டி எழுதிவிடுவார்கள்.

இன்னொன்று, கதாநாயகி செவந்தியின் புருஷன் போலீஸ்காரன். அரசாங்கம் என்பது அவள் வீட்டுக்குள்ளேயே இருக்கிறது. உங்கள் கதையிலும் எதிர்த்தரப்பில் ஒருவரைக் குடும்பத்துக்குள் வைத்துப் பாருங்கள். கொடுங்கோல் எம்.எல்.ஏ. ஒருவரை நிறுத்திவிட்டால் பழி முழுக்க அவர் தலையில் விழும், பிரச்சினை தப்பித்துவிடும்.

சுவரெழுத்து:
ரொம்ப நன்றி. முடிவில் தீர்வு சொல்லியே ஆகணுமா?

நாலாம்பக்கம்:
அவசியமில்லை. அவள் ஒரு தொடர்கதையில் குடும்பத்தைச் சம்பாதிச்சுக் காப்பாத்துற கவிதா கடைசியில் மறுபடி வேலைக்குக் கிளம்புறா, அவ்வளவுதான். அதுக்கு நேர் எதிரா அச்சமில்லை அச்சமில்லை (1984) பாருங்க: கதாநாயகி மாலைக்குள்ள கத்தியை மறைச்சு வச்சுப் புருஷனையே குத்துறா. ரெண்டுமே அந்தந்தப் பெண் எடுக்கிற முடிவு, வெளியிலிருந்து யாரும் வந்து காப்பாத்தலை.

எழுதி முடிச்சதும் கடைசி மூணு பக்கத்து வசனத்தை அடிச்சிட்டு, கதை தெரியாத ஒருத்தர்கிட்ட செய்கைகளை மட்டும் படிச்சுக் காட்டுங்க. என்ன நடந்ததுன்னு அவரால சொல்ல முடியலைன்னா, கோளாறு அந்த மூணு பக்கத்தில் இல்லை. முன்னாடி ஊன்ற வேண்டியதை ஊன்றாம விட்டிருப்பீங்க. இடைவேளைக்கு முன்னால் போய்த் தேடுங்க.