திருச்சி வானொலி: நேயர்களின் அனுபவப் பகிர்வு

குடமுருட்டிக்கரை:
ஆடுதுறை 27 என்ற நெல் ரகம் திருச்சி வானொலி சொல்லிப் பரவியதால் தஞ்சை மாவட்டத்தில் ‘ரேடியோ நெல்’ என்று பெயர் பெற்றதை இங்குள்ளவர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. 1966-இல் திருச்சி நிலையத்தில் பண்ணை ஒலிபரப்புப் பிரிவு தொடங்கிய காலத்தில், எழுத்தறியாத என் தந்தை ஊராட்சி வானொலி அறையின் வாசலில் அமர்ந்து கேட்டதையெல்லாம் வீட்டுக்கு வந்தவுடன் அடுப்புக்கரியால் தாழ்வாரச் சுவரில் வரைந்துவைப்பார். நாற்றின் வயதுக்கு நெடுங்கோடு, உர மூட்டைக்குக் கட்டம், பூச்சிமருந்துக்குப் புள்ளி. ஒரு பொங்கலுக்கு அச்சுவருக்கு வெள்ளையடித்தபோது, ஒரு மூலையை மட்டும் விட்டுவிடச் சொன்னார். அங்கே ஒரு வட்டமும் அதன் நடுவே இரண்டு கோடுகளும் இருந்தன. அவர் எந்த ஒலிபரப்பில் எதைக் கேட்டு அதை வரைந்தார் என்று நான் கேட்கவே இல்லை. இப்போது சொல்வதற்கு அவரும் இல்லை.

வெண்ணாற்றுப்படுகை:
மேற்கண்ட பதிவோடு எனக்கு ஒரு கருத்து வேறுபாடு உண்டு. பெயர் வானொலியால் வந்தது. விளைச்சல் வானொலியால் மட்டும் வந்ததன்று. ஆடுதுறை ஆராய்ச்சி நிலையத்தாரின் உழைப்பையும், வரப்பு வரப்பாக நடந்த கிராம சேவகர்களையும், 1960களின் தொடக்கத்திலேயே தஞ்சைக்கு வந்துவிட்ட தீவிர வேளாண்மைத் திட்டத்தையும் விட்டுவிட்டு இந்த வரலாற்றை எழுத முடியாது. குறுவையாகப் பயிரிட்ட அந்த நெல்லின் அறுவடை மழைக்காலத்தில் மாட்டிக்கொண்டதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். எங்கள் களத்தில் ஈர நெல் முளைவிடத் தொடங்கிய ஓர் இரவில், உப்பும் உமியும் கலந்து வைக்கலாம் என்று வானொலியில் சொன்னார்கள். பேச்சு முடியும்வரை அம்மா காத்திருக்கவில்லை. சமையலறை உப்புப்பானையை இடுப்பில் ஏற்றிக்கொண்டு மழையில் இறங்கிவிட்டாள்.

நாட்டைப்பிரியன்:
திருச்சி வானொலியைச் சென்னையின் கிளை நிலையம் என்று சிலர் தொடர்ந்து எழுதுவது எனக்கு வருத்தமளிக்கிறது. சென்னை நிலையம் 1938 ஜூன் 16 அன்றும், திருச்சி நிலையம் 1939 மே 16 அன்றும் தொடங்கின. இடைவெளி பதினொரு மாதம்தான். 1947 பிரிவினையில் இந்தியாவின் பங்கில் நின்ற ஆறு நிலையங்கள் டில்லி, பம்பாய், கல்கத்தா, சென்னை, லக்னோ, திருச்சி. அந்த வரிசையில் நின்ற ஊரைக் கிளை என்று சொல்வது தகாது. என் அனுபவம் திருவையாற்றில் நடக்கும் தியாகராஜர் ஆராதனையைச் சேர்ந்தது. அவர் நினைவு நாளான பகுள பஞ்சமியன்று பந்தலில் ஒலிபரப்புப் பொறியாளர் ஒருவருக்கு அருகில் சிறுவனாக அமர்ந்திருந்தேன். தியாகராஜரின் ஐந்து பஞ்சரத்னக் கீர்த்தனைகள் தொடங்கும் முன்பு அந்தப் பொறியாளர் தம் காதுக்கருவியைக் கழற்றி என் காதில் ஒரு கணம் வைத்தார். பந்தலின் இரைச்சலுக்குள் கேட்காத தம்புராவின் சுருதி அதற்குள் தெளிவாகக் கேட்டது. முதல் கீர்த்தனையின் நாட்டை ராகம் எழுவதற்குள் திரும்ப வாங்கிக்கொண்டார்.

வேதாரண்யம் உப்பளம்:
2018 நவம்பர் 16 அதிகாலையில் கஜா புயல் கரையைக் கடந்த பிறகு மின்சாரமும் கைப்பேசியும் இல்லாத எங்கள் தெருவில், பக்கத்து வீட்டு ஆச்சியின் பழைய வானொலிப் பெட்டியில்தான் திருச்சிச் செய்தி கேட்டது. தன் ஊரின் பெயர் வாசிக்கப்பட்டபோது ஆச்சி எழுந்து நின்றுவிட்டார்.

இதைப் படிப்பவர்கள் மத்திய அலை (மீடியம் வேவ்) உள்ள ஒரு சிறு பெட்டியை வீட்டில் வைத்துக்கொள்ள வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். திருச்சியின் மத்திய அலை 936 கிலோஹெர்ட்ஸ். கூட்டுக்குடும்பம்போல் ஒரே பலகையில் செருகியிருக்கும் கைப்பேசி மின்னேற்றிகளும் எல்இடி விளக்குகளும் அந்த அலைவரிசையில் இரைச்சலை உண்டாக்குவதால், பெட்டியை அவற்றிலிருந்து விலக்கி வையுங்கள். உள்ளே கிடைமட்டமாகப் பொருத்தப்பட்ட காந்தத் தண்டுதான் ஏரியல். அதன் முனை நிலையத்தை நோக்கினால் ஒலி மங்கும், தண்டின் பக்கவாட்டுப் பகுதி நோக்கினால் தெளியும். ஆகவே கம்பியை நீட்டுவதில் பயனில்லை, பெட்டியையே மெல்லத் திருப்பிப் பாருங்கள். இரவில் தொலைதூர நிலையங்கள் குறுக்கிடும்போதும் இதே முறை உதவும். பயன்படுத்தாத மாதங்களில் மின்கலங்களைக் கழற்றி வையுங்கள். கசிந்த கலம் தகட்டை அரித்துவிடும். ஐப்பசி பிறக்கும் முன்பே ஒருமுறை போட்டுப் பார்த்துவிடுவது நல்லது.