கூட்டு மனு வாபஸ்: "மறுபடி தாக்கல் செய்ய அனுமதியுடன்" என்ற வரி விடுபட்டால்?

வக்கீல் குமாஸ்தா:
மூன்று வாதிகள், ஒரே வக்காலத்து, சொத்து விவரத்தில் சர்வே உட்பிரிவு எண் தப்பு. ஐ.ஏ. (வழக்கினுள் போடும் இடைமனு) போடாமல், வாபஸ் வாங்குகிறோம் என்ற மெமோ (குறிப்பு) மட்டும் கொடுத்தார்கள். உத்தரவு ஒரே வரி: "மெமோ பதிவு செய்யப்பட்டது, வாபஸ் பெற்றதால் தள்ளுபடி." சரியான எண்ணோடு புது வழக்கு போட்டதும் எதிர்த்தரப்பு அந்த உத்தரவின் சான்று நகலை நீட்டியது. அனுமதியில்லாமல் வாபஸ் வாங்கினால் அதே விஷயத்துக்குப் புது வழக்கு கூடாது என்னும் உரிமையியல் நடைமுறைச் சட்டம் (சிபிசி) கட்டளை 23 விதி 1(4) குறுக்கே நின்றுவிட்டது. வாயால் கேட்டதெல்லாம் கணக்கில் வராது. அனுமதி கேட்டு விதி 1(3)-இல் மனு, குறை இன்னதென்று சொல்லும் பிரமாணப் பத்திரம், உத்தரவில் அனுமதி வாசகம். இந்த மூன்றும் இருக்கிறதா என்று அன்றைக்கே பாருங்கள்.

உரிமையியல்:
மெமோ மட்டுமா தப்பு? மூன்று பேரில் எத்தனை பேர் கையெழுத்துப் போட்டார்கள்? விதி 1(5)-இன்படி மற்ற வாதிகள் சம்மதிக்காமல் ஒருவர் மட்டும் வாபஸ் வாங்க நீதிமன்றம் அனுமதிக்க முடியாது. ஒரு பாகப்பிரிவினை வழக்கில் அண்ணன் ஒதுங்க நினைத்தார், தங்கை சம்மதிக்கவில்லை, மனு அங்கேயே நின்றது. அண்ணனைப் பிரதிவாதி வரிசைக்கு மாற்றச் சொல்லி கட்டளை 1 விதி 10-இல் மனு போட்ட பிறகுதான் வழக்கு நகர்ந்தது. வாதிகளில் மைனர் இருந்தால் விதி 1(2)-இன் தனி அனுமதியும் வேண்டும்.

ரிட் பிரிவு:
ரிட் மனு (அரசியலமைப்புச் சட்டம் 226-இல் உயர் நீதிமன்றத்தில் போடுவது) என்றால் இது பொருந்தாது என்று நினைத்துவிடாதீர்கள். அனுமதி இல்லாமல் வாபஸ் வாங்கிய 226 மனுவை அதே காரணத்துக்கு உயர் நீதிமன்றத்தில் மறுபடி போட முடியாது என்று சர்குஜா டிரான்ஸ்போர்ட் வழக்கில் 1987-இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

யாரும் கேட்கவில்லைதான், ஆனாலும் வழக்குப் போடுவதற்கான காலவரையறையைச் சொல்லாமல் விட மனம் வரவில்லை. அனுமதி கிடைத்தாலும் கடிகாரம் நிற்காது. கட்டளை 23 விதி 2-இன்படி முதல் வழக்கே போடாததுபோல் நாள் எண்ணப்படும். மூன்று வருடக் கெடுவில் இரண்டு மாதம் மிச்சமிருக்கும்போது போட்ட வழக்கை 14 மாதம் கழித்து வாபஸ் வாங்கினால், கையில் அனுமதி இருந்தும் புது வழக்கு காலாவதி. முதல் வழக்கு அதிகார வரம்புக் குறையாலோ அதுபோன்ற காரணத்தாலோ தோற்றே தீரும் என்பதால் அனுமதி தரப்பட்டிருந்தால் மட்டும் முதல் வழக்கில் போன நாட்களைக் கழித்துத் தரும் காலவரையறைச் சட்டம் 14(3) கைகொடுக்கும். சர்வே எண் தப்புக்கு அது வராது. அதற்கு வாபஸே எதற்கு? விசாரணை தொடங்குமுன் கட்டளை 6 விதி 17-இல் திருத்த மனு போட்டால் போதும். செலவுத்தொகை கட்டிய பிறகே புது வழக்கு என்று அனுமதி உத்தரவில் நிபந்தனை இருந்தால், கட்டிய ரசீதைப் புது வழக்கோடு சேருங்கள்.

குடும்ப நீதிமன்றம்:
எல்லாக் கூட்டு மனுவையும் ஒரே தட்டில் வைக்காதீர்கள். இந்து திருமணச் சட்டம் 13பி மனுவில் (இருவரும் இணங்கிக் கேட்கும் விவாகரத்து) தீர்ப்பு வரும்வரை ஒருவர் தனியாகவே சம்மதத்தைத் திரும்பப் பெறலாம் (உச்ச நீதிமன்றத்தின் சுரேஷ்டா தேவி தீர்ப்பு, 1991). இரண்டாம் மோஷனில் (காத்திருப்புக் காலம் முடிந்து இருவரும் மறுபடி தீர்ப்புக் கேட்கும் கட்டம்) மனைவி "சம்மதமில்லை" என்றதும் மனு விழுந்த வழக்கு உண்டு. பிறகு இருவரும் இணங்கிப் புதிதாகப் போட்டால் ஆறு மாதக் காத்திருப்பு புது மனுத் தேதியிலிருந்து ஓடும். அதைத் தளர்த்தக் கேட்க 2017 அமர்தீப் சிங் தீர்ப்பு இருக்கிறது.