டை ஹார்டு 2 எடுத்த ரென்னி ஹார்லினுக்கு அப்புறம் என்னதான் ஆயிற்று?

கார்த்தி_ரீல்:
போன வாரம் டீப் ப்ளூ சீ படத்தை மறுபடி பார்த்தேன். இயக்கம் ரென்னி ஹார்லின் என்று வந்தது. தேடிப் பார்த்தால் டை ஹார்டு 2, கிளிஃப்ஹேங்கர் இரண்டும் இவருடையவைதான். 2024-இல் வந்த தி ஸ்ட்ரேஞ்சர்ஸ்: சாப்டர் 1 படமும் இவர் எடுத்ததுதானாம்! அவ்வளவு பெரிய படங்கள் செய்தவர் எப்படி இந்த மாதிரி சின்னத் திகில் படத்துக்கு வந்தார்? எங்கே படித்தாலும் "கட்த்ரோட் ஐலேண்ட் என்ற கடற்கொள்ளையர் படம் வந்தது, ஆள் காலி" என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறார்கள். அது மட்டும்தான் காரணமா? பின்லாந்தில் இருந்து ஹாலிவுட்டுக்கு எப்படிப் போனார் என்பதும் தெரிந்தால் சொல்லுங்கள்.

வடதுருவன்:
ஆரம்பத்தை மட்டும் நான் சொல்கிறேன், மிச்சத்தை முருகேசன் அண்ணன் சொல்வார். பிறந்தது 1959-இல், ரீஹிமாக்கி என்ற ரயில் சந்திப்பு ஊரில். இயற்பெயர் லௌரி மௌரிட்ஸ் ஹர்யோலா. அப்பா டாக்டர், அம்மா நர்ஸ். விளம்பரப் படங்கள் எடுத்துக்கொண்டிருந்தவர், தயாரிப்பாளர் மார்க்குஸ் செலினோடு சேர்ந்து 1986-இல் பார்ன் அமெரிக்கன் எடுத்தார். பின்லாந்துக்குச் சுற்றுலா வரும் மூன்று அமெரிக்க இளைஞர்கள் விளையாட்டாக எல்லை தாண்டி சோவியத் பக்கம் போய் மாட்டிக்கொள்கிற கதை. அதிரடி நடிகர் சக் நாரிஸின் மகன் மைக் நாரிஸ் நடித்தார். சோவியத்தோடு 1,300 கிலோமீட்டருக்கு மேல் எல்லை வைத்திருந்த நாடு, அந்தப் பக்கத்தைச் சீண்டவே பயந்த காலம். சொந்த நாட்டிலேயே படத்தை முதலில் தடை செய்துவிட்டார்கள். முதல் படத்திலேயே இப்படி! தடை நல்ல விளம்பரம் என்பது வேறு விஷயம்.

முருகேசன்_டிவிடிக்கடை:
தம்பி, மதுரையில் நான் வாடகை டிவிடி கடை நடத்திய காலத்தில் இவர் படங்கள் ஒரு முழு வரிசைக்கு இருந்தன. அதனால் கொஞ்சம் நீளமாகத்தான் பேசுவேன்.

அமெரிக்கா போனதும் ப்ரிசன் என்று ஒரு பேய்ப்படம். வயோமிங்கில் மூடிக் கிடந்த நிஜச் சிறையிலேயே எடுத்தார், விகோ மார்டென்சன் அப்போது யாருக்கும் தெரியாத நடிகர். அதைப் பார்த்துத்தான் எ நைட்மேர் ஆன் எல்ம் ஸ்ட்ரீட் என்ற திகில் பட வரிசையின் 4-ஆம் பாகம் கைக்கு வந்தது. 1988-இல் அது அமெரிக்காவில் மட்டும் ஏறக்குறைய 5 கோடி டாலர் வசூலித்தது. அந்த வரிசையில் அதுவரை எந்தப் பாகமும் அவ்வளவு ஓடியதில்லை.

1990 ஜூலையில் ஒரு கூத்து நடந்தது. டை ஹார்டு 2-உம் ஃபோர்ட் ஃபேர்லேனும் ஒரே வார இடைவெளியில் வெளிவந்தன. இரண்டுக்கும் இயக்குநர் இவரே. டை ஹார்டு 2 பெரிய வெற்றி, ஃபோர்ட் ஃபேர்லேனுக்கு அந்த வருடத்தின் மோசமான படம் என்ற ராஸி விருது. இவருடைய மொத்த வாழ்க்கையும் அந்த ஜூலையில் அடங்கிவிடுகிறது என்று நான் கடையில் சொல்லிக்கொண்டிருப்பேன்.

டை ஹார்டு 2 பனிப்புயலில் மாட்டிய விமான நிலையத்தின் கதை. எடுக்கப் போனால் பனியே பெய்யவில்லை! பனியைத் தேடி மாநிலம் மாநிலமாக அலைந்தார்கள், கடைசியில் நிறைய செயற்கைப் பனி கொட்டவேண்டி வந்தது. பின்லாந்துக்காரருக்கு இந்தச் சோதனை. முடியும்போது பின்னணியில் வருவது பின்லாந்து இசையமைப்பாளர் சிபேலியஸின் ஃபின்லாண்டியா, கவனித்திருக்கிறீர்களா? ஊர்ப்பாசம்.

என் கட்சி இதுதான்: ஹார்லினின் பலம் வானிலை. பனி, தண்ணீர், உயரம். இவருடைய நல்ல படங்களில் வில்லன் சுமார்தான், ஹீரோவைப் படுத்துவது இயற்கை. 1993-இல் வந்த கிளிஃப்ஹேங்கர் கதைப்படி ராக்கி மலைத்தொடர், எடுத்தது பெரும்பாலும் இத்தாலியின் டோலமைட் மலைகளில். ஒரு விமானத்தில் இருந்து இன்னொன்றுக்குக் கம்பியில் போகும் காட்சி இருக்கிறதே, அதை சைமன் கிரேன் என்ற சண்டைக் கலைஞர் 15,000 அடி உயரத்தில் நிஜமாகவே செய்தார். ஒரே தடவை, கூலி 10 லட்சம் டாலர். கிராஃபிக்ஸில் செய்திருந்தால் இன்று நாம் அதைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்க மாட்டோம்.

இப்போது கட்த்ரோட் ஐலேண்ட். செலவு கிட்டத்தட்ட 10 கோடி டாலர், அமெரிக்காவில் வந்தது 1 கோடி. கின்னஸில் ஏறிய நஷ்டம், மறுக்கவில்லை. ஆனால் "அந்தப் படம்தான் அதைத் தயாரித்த கரோல்கோ நிறுவனத்தை மூழ்கடித்தது" என்பதில் தேதி இடிக்கிறது. கரோல்கோ திவால் மனு போட்டது 1995 நவம்பரில். படம் வெளியானது டிசம்பர் 22. நிறுவனம் படுத்தபிறகு படம் வந்திருக்கிறது, யார் விளம்பரம் செய்வது? நடுவில் மைக்கேல் டக்ளஸ் விலகி மேத்யூ மோடைன் வந்தது தனிக் கதை. கதாநாயகி ஜீனா டேவிஸ் அப்போது இவர் மனைவி, அதனால் கிண்டலும் இரட்டிப்பு. அந்த டிவிடியை எடுத்துப் போனவர்கள் யாரும் என்னைத் திட்டிக்கொண்டு வந்ததில்லை.

அடுத்த வருடமே அதே ஜீனா டேவிஸை வைத்து தி லாங் கிஸ் குட்நைட். ஷேன் பிளாக்கின் திரைக்கதைக்குக் கொடுத்த விலை 40 லட்சம் டாலர், அன்றைக்குச் சாதனை. சாமுவேல் ஜாக்சன் பாத்திரம் செத்துப்போவதாக முதலில் முடிவு வைத்திருந்தார்கள், சோதனைக் காட்சியில் ஜனம் சத்தம் போட்டதால் உயிரோடு விட்டார்கள். அப்புறம் 1999-இல் டீப் ப்ளூ சீ வந்தது. வீர உரை பேசிக்கொண்டிருக்கும்போதே ஜாக்சனைச் சுறா கவ்விக்கொண்டு போகிறதே, ஹார்லின் பழைய கணக்கைத் தீர்த்தார் என்றுதான் நான் நினைத்துக்கொள்வேன். டைட்டானிக் படத்துக்காக மெக்சிகோவில் கட்டிய தொட்டிகளில்தான் அதை எடுத்தார். 16 கோடி டாலருக்கு மேல் உலக வசூல். "1995-இல் காலி" ஆனவர் செய்கிற வேலையா இது?

பாப்கார்ன்_பானு:
முருகேசன் சார், 1999-இல் நிறுத்திவிட்டீர்களே, வசதியாக! அதற்குப் பிறகு இவர் எடுத்த ட்ரிவன் எப்படி? ஹெர்குலிஸ்? எக்ஸார்சிஸ்ட் பேய்ப்படத்தின் முன்கதையை பால் ஷ்ரேடர் என்ற இயக்குநர் முழுதாக எடுத்து முடித்துவிட்டார், தயாரிப்பாளருக்குப் பிடிக்கவில்லை, ஹார்லினைக் கூப்பிட்டு ஏறக்குறைய முழுக்கப் புதிதாக எடுக்கவைத்தார்கள். ஸ்டெலன் ஸ்கார்ஸ்கார்ட் ஒரே பாதிரியாராக இரண்டு படத்திலும் நடித்தார். ஹார்லின் படம் 2004-இல் வந்தது, அடுத்த வருடம் ஷ்ரேடர் படத்தையும் வெளியிட்டார்கள். இரண்டையும் பார்த்தேன், இரண்டுமே தேறாது. என்னைக் கேட்டால் இவரிடம் வேலை தெரியும், கதை தேர்ந்தெடுக்கத் தெரியாது. கப்பல் நஷ்டத்தைவிட இதுதான் காரணம்.

முருகேசன்_டிவிடிக்கடை:
பானு சொல்வதில் பாதி சரி. ஹெர்குலிஸுக்கு நான் வக்காலத்து வாங்க மாட்டேன். ஆனால் கதை தேர்வு என்பது வரிசையில் நிற்கும் பத்துக் கதையில் ஒன்றை எடுப்பவருக்குத்தான். நஷ்டக் கணக்கு தலையில் இருப்பவருக்கு யார் நல்ல கதை தருவார்கள்? பணம் இருக்கும் இடத்துக்கு அவர் போனார். ஜார்ஜியா - ரஷ்யா போரை வைத்து 5 டேஸ் ஆஃப் வார். பிறகு பெய்ஜிங்கில் குடியேறி, ஜாக்கி சானோடு ஸ்கிப்ட்ரேஸ். 2021-இல் பின்லாந்து திரும்பி லூக்காகொகோவுஸ் 3 என்று அந்த ஊர் மொழியிலேயே ஒரு நகைச்சுவைப் படம். நீங்கள் கேட்ட ஸ்ட்ரேஞ்சர்ஸ், ஸ்லோவாக்கியாவில் மூன்று பாகங்களையும் ஒரே மூச்சில் எடுத்தது. சின்னப் படம் என்றாலும் அப்படி எடுக்க அனுபவம் வேண்டும்.

இன்னொன்றை எல்லாரும் மறந்துவிடுகிறார்கள். 1991-இல் ராம்ப்ளிங் ரோஸ் என்ற அமைதியான குடும்பப் படத்தின் தயாரிப்பாளர் இவர். அதில் நடித்த லாரா டெர்ன், அவர் அம்மா டயான் லாட் இருவருக்கும் ஒரே வருடம் ஆஸ்கர் பரிந்துரை. கதை தேர்ந்தெடுக்கத் தெரியாதவரா, பானு?

பாப்கார்ன்_பானு:
அதை இயக்கியது மார்த்தா கூலிட்ஜ், சார் :)

கார்த்தி_ரீல்:
இரண்டு பேருக்கும் நன்றி. டீப் ப்ளூ சீ, டை ஹார்டு 2 பார்த்தாயிற்று. அடுத்து எது பார்க்கலாம்?

முருகேசன்_டிவிடிக்கடை:
தி லாங் கிஸ் குட்நைட். ஜாக்சனே தான் நடித்ததில் திரும்பப் பார்க்கப் பிடித்த படம் என்று அதைச் சொல்லியிருக்கிறார். பிறகு கிளிஃப்ஹேங்கர், முடிந்த அளவு பெரிய திரையில். கட்த்ரோட் ஐலேண்ட் பார்ப்பதானால் கதையைத் தேடாதீர்கள். கப்பல்களை நிஜ அளவில் கட்டியிருக்கிறார்கள், அதைப் பாருங்கள். ஜான் டெப்னியின் இசைக்கு நல்ல ஸ்பீக்கர் வேண்டும், லேப்டாப்பில் போட்டுவிட்டு வந்து என்னிடம் குறை சொல்லக்கூடாது.