ப்ராஜெக்ட் ஸோம்பாய்ட்: முதல் வாரத்தைத் தாண்ட, குமரி மாவட்டத்து ஆட்டக்காரர்களின் அனுபவப் பகிர்வு

வடசேரி:

புதுசா வாற பிள்ளைங்க எல்லாரும் ஒரே கேள்விதான் கேக்காங்க: நல்ல ஆயுதம் எங்க கெடைக்கும்? மக்கா, ஆயுதம் ரெண்டாவது. ப்ராஜெக்ட் ஸோம்பாய்ட் ஸோம்பிக் கூட்டத்துக்கு நடுவுல உயிர் பிழைக்குற கம்ப்யூட்டர் கேம்; இதுல ஆளைச் சாவடிக்கது சத்தமும் களைப்பும். ஜன்னலை உடைச்ச சத்தத்துக்கு நாலு ஸோம்பி வரும். நாலையும் அடிச்சு முடிக்கதுக்குள்ள மூச்சு வாங்கும். அந்த நேரம் பாத்து அஞ்சாவது ஒண்ணு முதுகுப் பக்கம் நிக்கும். அவ்வளவுதான், திரும்ப முதல்ல இருந்து ஆள் உருவாக்கணும்.

நான் சொல்லுகது பில்டு 41 (கேமோட 41-ஆவது பதிப்பு) கணக்கு, 2021 டிசம்பர்ல நிலையான பதிப்பா வந்தது. 42-ல கிராஃப்டிங் நிறைய மாறியிருக்கு. இங்க வாற அளவுகளை அங்க அப்படியே நம்பாதீங்க.

ஊர் தேர்வுல ரோஸ்வுட் இல்லன்னா ரிவர்சைடு. வெஸ்ட் பாயிண்ட்ல ஸோம்பி நெருக்கம் அதிகம், முதல் ஆட்டத்துக்கு ஆகாது. ரோஸ்வுட்ல தீயணைப்பு நிலையம் இருக்கு. அங்க கெடைக்குற கோட்டும் கோடாலியும் பல நாள் உயிரைக் காப்பாத்தும். தொழில் தேர்வுல தீயணைப்பு வீரர் எடுங்க, உடல் வலுவும் கோடாலித் திறமையும் கூடவே வரும். ஆளுக்கு நல்ல குணம் வாங்குற பாயிண்ட் பத்தலன்னா ‘புகை பிடிப்பவர்’ங்குற கெட்ட குணத்தைச் சேத்துக்கிடலாம், 4 பாயிண்ட் கிடைக்கும். சிகரெட்டும் லைட்டரும் ஸோம்பி சட்டைப் பையிலேயே ஏராளமா கெடக்கும். காது மந்தம், கண் மங்கல் மாதிரி குணத்தைப் பாயிண்டுக்காகத் தொடவே வேண்டாம். பின்னாடி வாறது தெரியாமப் போனா மத்த எந்தத் திறமையும் உதவாது.

தக்கலை:

வீட்டுக்குள்ள நுழையதைப் பத்தி விரிவா எழுதுகேன். புதுசா ஆடுறவங்க பாதி சாவு அங்கதான்.

ஆட்டம் 1993 ஜூலை 9-ல தொடங்கும். தொடங்கின உடனே சி கீயை அழுத்திக் குனிஞ்சுக்கிடுங்க. இருக்குற வீட்டோட திரையெல்லாம் மூடுங்க. திரை இல்லாத ஜன்னல்ல போர்வையைத் தொங்கவிடலாம். அப்புறம் சமையலறை: கத்தி, வாணலி, சுத்தியல், எது கெடைச்சாலும் கையில எடுங்க. பை ஒண்ணு கெடைச்சா சும்மா சாமானோட சாமானா வச்சுக்கிடாதீங்க, முதுகுல மாட்டுங்க. மாட்டினா உள்ள உள்ள சாமான் பாரம் நல்லாக் குறையும்.

அடுத்த வீட்டுக்குப் போகும்போது நேரே கதவைத் திறக்காதீங்க. முதல்ல வீட்டைச் சுத்தி ஒரு வட்டம் வந்து ஜன்னல் வழியா பாருங்க. அப்புறம் வாசலுக்குக் கொஞ்சம் தள்ளி நின்னுக்கிட்டு க்யூ கீயை ஒருக்கா அழுத்துங்க. நின்னுக்கிட்டு அழுத்தினா கூச்சல், குனிஞ்சுக்கிட்டு அழுத்தினா கிசுகிசுப்பு. கிசுகிசுப்பு போதும். உள்ள ஏதாவது இருந்தா கதவைத் தட்டத் தொடங்கும். வெட்டவெளியில வச்சு ஒண்ணொண்ணா முடிக்கலாம். குறுகலான நடைபாதையில, கட்டிலுக்கும் பீரோவுக்கும் நடுவுல சண்டை போடுறது மாதிரி முட்டாள்தனம் வேற இல்ல. உள்ள போனாலும் குளியலறைக் கதவு, ஸ்டோர் ரூம் கதவு ரெண்டையும் திறந்த கையோட ஒரு எட்டு பின்னால வச்சிடுங்க.

கதவு பூட்டியிருந்தா எல்லா ஜன்னலையும் இ கீ வச்சு முயற்சி பண்ணுங்க, ஏதாவது ஒண்ணு திறக்கும். ஒண்ணும் திறக்கலன்னா மட்டும் உடைக்கணும். வெறுங்கையால உடைச்சா கை கிழியும், ஆயுதம் கையில இருக்கட்டும். உடைச்ச அப்புறம் ஏறிக் குதிக்கதுக்கு முன்னாடி ரைட் கிளிக் பண்ணி மிச்சக் கண்ணாடியை எடுத்துடுங்க. இதை மறந்தா ஏறும்போது ரத்தக்காயம் ஆகலாம்.

சில வீட்டுல திருட்டு அலாரம் உண்டு. எந்த வீடுன்னு வெளிய இருந்து தெரியாது. அடிச்சா ஒரு நிமிஷம்கூட நிக்காதீங்க. உள்ள என்ன பொக்கிஷம் கெடந்தாலும் விட்டுட்டு, ரெண்டு தெரு தள்ளிப் போயிடுங்க.

குளச்சல்:

சண்டைக்கு வருவோம். ரைட் கிளிக்கை அமுக்கிப் பிடிச்சுக் குறிவச்சு, ஸோம்பி கை நீட்டுற தூரத்துக்கு வரும்போது அடிச்சிட்டு உடனே பின்னால நடக்கணும். மறுபடி அடி, மறுபடி பின்னால. அவசரப்பட்டுத் தொடர்ந்து கிளிக் பண்ணினா ஒரு அடி தப்பினாலும் அது மேல விழுந்துடும். ரொம்ப கிட்ட வந்துடுச்சுன்னா ஸ்பேஸ் தட்டித் தள்ளுங்க. கீழ விழுந்ததும் மிதிங்க. மிதிக்கதுக்கு ஆயுதம் தேயாது.

எல்லாத்தையும்விட நல்ல ஆயுதம் குட்டை வேலிதான். இடுப்பளவு வேலிக்கு இந்தப் பக்கம் நீங்க நிக்கணும். ஸோம்பி ஏறி வரும்போது குப்புற விழும். எழும்பதுக்குள்ள தலையில ரெண்டு அடி. வேலியில இருந்து ஒரு எட்டு தள்ளி நில்லுங்க, ஒட்டி நின்னா விழும்போதே காலைப் பிடிக்கும். கூட்டமா வந்தா இது பலிக்காது, நாலஞ்சு ஒண்ணா விழுந்து ஒண்ணா எழும்பும்.

வலது ஓரத்துல மூச்சு வாங்குற படம் ஒண்ணு வரும். முதல் நிலை வந்ததும் சண்டையை நிறுத்தி நடையைக் கட்டுங்க. ஓடாதீங்க, ஓடினா இன்னும் களைக்கும். ஸோம்பி நடையைவிட உங்க நடை வேகம், அதனால நடந்தே தப்பலாம். ரெண்டாவது நிலைக்குப் போனா அடியோட பலம் நல்லாக் குறைஞ்சு போகும். ஒரே அடியில விழுந்தது நாலு அடி கேக்கும். பாரம் அதிகமா தூக்கிட்டுச் சண்டைக்குப் போறவங்களுக்கு இந்த நிலை வெகு சீக்கிரம் வந்துடும். பையைக் கீழ வச்சிட்டு அடிச்சு முடிச்சு, பிறகு வந்து எடுங்க.

ஆயுதத்துல கடப்பாரை லேசுல உடையாது, புதுசா ஆடுறவங்களுக்கு அதுதான் என் முதல் தேர்வு. கடப்பாரை கெடைக்கலன்னா ஈட்டி செய்யலாம்: ஒரு பலகை அல்லது மரக்கிளை, கூடவே ஒரு கத்தி, இவ்வளவு போதும். நீளம் இருக்கதனால பாதுகாப்பு. ஆனா சீக்கிரம் ஒடியும், மூணு நாலு செஞ்சு வச்சுக்கிடணும். துப்பாக்கியை முதல் வாரத்துல தொடவே தொடாதீங்க. ஒரு தோட்டா சத்தத்துக்குத் தெருவே திரண்டு வரும், துப்பாக்கித் திறமை இல்லாதவங்களுக்குக் குறியும் தப்பும்.

மார்த்தாண்டம்:

குளச்சல் சொன்னதோட காயக் கணக்கையும் சேர்த்துக்கொள்ளுங்கள். ஸோம்பி கீறினால் நோய் தொற்ற 7 சதவீத வாய்ப்பு, சதை கிழிந்தால் 25 சதவீதம், கடித்தால் 100 சதவீதம். கடிபட்டவருக்கு மருந்தே கிடையாது; இயல்பான அமைப்பில் இரண்டு மூன்று நாளில் முடிந்துவிடும். ஸ்பிரிட் போட்டுத் துடைப்பது காயம் சீழ் வைக்காமல் இருக்க மட்டுமே. இந்த இரண்டு தொற்றையும் குழப்பிக்கொண்டு, கீறலுக்குப் பயந்து நல்ல ஆளைக் கைவிட வேண்டாம். கீறலில் தப்பிப்பவர்களே அதிகம்.

கட்டுத் துணிக்குப் பழைய சட்டையைக் கிழித்தால் போதும். ஜீன்ஸையும் தோலையும் கிழிக்கக் கத்தரிக்கோல் தேவை. கட்டு அழுக்கானதும் மாற்றுங்கள்.

ஊசி, நூல், கிழிந்த துணி மூன்றும் இருந்தால் உடையில் ஒட்டுப் போடலாம். தோல் துண்டு கிடைத்தால் இன்னும் நல்லது. கழுத்து, முன்கை, கை இவைதான் அதிகம் கடிபடும் இடங்கள். கால் சட்டைக்கு ஒட்டுப் போட்டு நூலைத் தீர்த்துவிடாதீர்கள்.

வடசேரி:

டிவியை யாரும் சொல்லல. முதல் வாரம் ‘லைஃப் அண்ட் லிவிங்’ சேனல்ல காலை 6, மதியம் 12, சாயங்காலம் 6 மணிக்கு நிகழ்ச்சி வரும். பாத்தாலே சமையல், தச்சு மாதிரி திறமைகள் ஏறும். தச்சுப் புத்தகம் முதல் பாகம் கையில இருந்தா அதை வாசிச்சிட்டுப் பாருங்க. புத்தகம் அனுபவப் புள்ளியைப் பெருக்கிக் குடுக்கும், அந்தப் பெருக்கல் டிவிக்கும் சேரும். வால்யூமைக் குறைச்சு வையுங்க. விட்டுப் போனவங்களுக்கு அதே நிகழ்ச்சி விஎச்எஸ் கேசட்டாவும் வீடுகள்ல கெடைக்கும்.

மீதி தச்சுத் திறமைக்கு சுத்தியலும் ரம்பமும் எடுத்து, வேண்டாத பீரோ, மேசை, நாற்காலி எல்லாத்தையும் பிரிச்சுப் போடுங்க. பலகையும் கெடைக்கும், ஆணியும் கெடைக்கும், திறமையும் ஏறும்.

தக்கலை:

அந்தத் தச்சுத் திறமை எதுக்குன்னா தண்ணிக்கு. 2017 ஒக்கி புயலுக்கு அப்புறம் கரண்ட் இல்லாம, மோட்டார் ஓடாம, குடத்தோட அலைஞ்சது நம்ம மாவட்டத்துல எல்லாருக்கும் நினைவிருக்கும். இங்கயும் அதேதான். கரண்டும் குழாய்த் தண்ணியும் 0 முதல் 30 நாளுக்குள்ள எப்ப வேணும்னாலும் நிக்கும், ரெண்டும் தனித்தனியா. முதல் நாளே கெடைக்குற பாட்டில், சட்டி, கெட்டில் எல்லாத்தையும் நிறைச்சு வையுங்க.

மழைநீர்த் தொட்டிக்குத் தச்சுத் திறமை 4-ஆவது நிலை வேணும். சாமான்: 4 பலகை, 4 ஆணி, 4 குப்பைப் பை. புதுசா ஆடுறவங்க குப்பைப் பையைக் கண்டுக்கிட மாட்டாங்க, கடைசியில அதுதான் கெடைக்காது. சமையலறை சிங்க் அடியில பாருங்க. தொட்டித் தண்ணியை அப்படியே குடிச்சா வயித்துக்கு ஆகாது, கொதிக்க வைக்கணும். தொட்டியை மேல் மாடியில வச்சு, பைப் ரெஞ்ச் இருந்தா கீழ உள்ள சிங்க்கோட இணைக்கலாம். அப்ப வாற தண்ணி சுத்தம்.

குளச்சல்:

ஜெனரேட்டர் பத்தியும் எழுதுங்க அண்ணே, அதுல நிறையப் பேரு சாகுறாங்க.

தக்கலை:

சரிதான் தம்பி. அதை இயக்க ஜெனரேட்டர் பத்திரிகை வாசிச்சிருக்கணும் இல்லன்னா எலக்ட்ரீசியன் தொழில் எடுத்திருக்கணும். பத்திரிகை புத்தகக் கடை, தபால் பெட்டி, வீட்டு அலமாரின்னு எங்க வேணும்னாலும் கெடக்கலாம். வீட்டுக்குள்ள வச்சு ஓட்டினா புகையில ஆள் செத்துப்போகும். வெளிய வையுங்க, சுமார் 20 கட்டம் தூரம் வரை கரண்ட் வரும். அணைச்சிட்டுத்தான் பெட்ரோல் ஊத்தணும். ஜெனரேட்டரோட நிலைமை இறங்கினா எலக்ட்ரானிக் கழிவு வச்சு சரி பண்ணுங்க, ரொம்ப இறங்கவிட்டா தீப்பிடிக்கும். ஊர்ல கரண்ட் போன அப்புறம் பங்க்ல பெட்ரோல் எடுக்கவும் ஒரு ஜெனரேட்டர் பங்க் பக்கத்துல ஓடணும்.

மார்த்தாண்டம்:

தங்குமிடம் பற்றி ஒரு கருத்து வேறுபாடு எனக்கு உண்டு. எல்லாரும் கீழ்த்தள ஜன்னல்களுக்குப் பலகை அடிப்பதிலேயே நாளைக் கழிக்கிறார்கள். ஒரு பலகைக்கு 2 ஆணி, ஒரு பக்கத்துக்கு 4 பலகை வரை அடிக்கலாம். ஆனால் சுத்தியல் சத்தமே கூட்டத்தை வரவழைக்கும். முதல் வாரத்துக்கு மாடி வீடு, மூடிய திரை, மாடி ஜன்னலில் போர்வைக் கயிறு, இவை போதும். கயிறு கட்ட சுத்தியலும் ஆணியும் வேண்டும். கீழே கதவு உடைந்தால் ஜன்னல் வழியாக இறங்கிவிடலாம். ஒரே வாசல் உள்ள அறையில் மட்டும் படுக்காதீர்கள்.

அடுப்பை அணைக்காமல் வெளியே போகாதீர்கள். சட்டி கருகி வீடே எரியும். மைக்ரோவேவில் உலோகப் பாத்திரம் வைத்தாலும் அதே கதி.

குளச்சல்:

6-ஆவது நாளுக்கும் 9-ஆவது நாளுக்கும் நடுவுல ஒருநாள் ஹெலிகாப்டர் வரும். ஆளைத் தேடித் தலைக்கு மேல சுத்தும், அந்தச் சத்தத்துக்கு மொத்த ஸோம்பியும் உங்க பின்னால வரும். ரேடியோவுல அவசர ஒலிபரப்பைப் பிடிச்சு வச்சா வானத்துல நடமாட்டம்னு முன்கூட்டியே சொல்லும். 5-ஆம் நாளே ரெண்டு நாளைக்கான சாப்பாடும் தண்ணியும் தயாரா இருக்கட்டும். அன்னைக்கு வெளிய போகாதீங்க. வெளிய மாட்டிக்கிட்டா தங்குற வீட்டுக்கு ஓடி வராதீங்க. கூட்டத்தைக் கூட்டிட்டு வந்து சொந்த வாசல்ல விட்ட மாதிரி ஆகிடும். காட்டுக்குள்ள இறங்கிடுங்க.

மார்த்தாண்டம்:

நம் ஊரில் இரண்டு மழைக்காலம், மின்தடையும் அதற்கேற்ப. இந்த ஆட்டத்தில் பழைய சேவுக்கு (ஆட்டத்தைச் சேமித்த பதிவுக்கு) திரும்பும் வசதி கிடையாது. ஓடும்போது கணினி அணைந்தால் சேவ் கெடலாம். விண்டோஸில் உங்கள் யூசர் ஃபோல்டருக்குள் ‘ஸோம்பாய்ட்’ என்ற ஃபோல்டர், அதற்குள் ‘சேவ்ஸ்’. ஆட்டத்திலிருந்து வெளியே வந்தபின் அதை முழுதாக வேறிடத்தில் நகலெடுத்து வையுங்கள்.

கருங்கல்:

சாவி இல்லாம கார் எடுக்க என்ன வழி அண்ணே?

வடசேரி:

முதல்ல சாவியைத் தேடு மக்கா. காரோட டேஷ்போர்டு, பக்கத்துல திரியுற ஸோம்பியோட பை, அந்த வீட்டுக்குள்ள, தரையில, இப்படி எங்கயாவது கெடக்கும். இல்லன்னா ஒயரிங் பண்ணி, அதாவது சாவி இல்லாம ஒயரைச் சேத்து ஸ்டார்ட் பண்ணி எடுக்கணும். திருடன் தொழில் எடுத்தவங்களுக்கு உடனே முடியும். மத்தவங்களுக்கு எலக்ட்ரிக்கல் திறமை 1-ஆவது நிலை, மெக்கானிக் திறமை 2-ஆவது நிலை வேணும். எலக்ட்ரிக்கலுக்கு ஸ்க்ரூடிரைவர் வச்சு வாட்சு, ரேடியோ எல்லாம் பிரி. மெக்கானிக்குக்கு நொறுங்கிக் கெடக்குற கார் ஒண்ணைப் பிடிச்சு ஹெட்லைட், பேட்டரி, ஜன்னல்னு ஸ்க்ரூடிரைவர்ல கழட்டி திரும்ப மாட்டு. ஒரே பாகத்துக்கு ஒரு நாள்ல ஒருக்காதான் புள்ளி வரும், அதனால வேற வேற காரா மாத்திக்கிட்டே போ. கழட்டும்போது தவறினா பாகம் சேதமாகும், நீ ஓட்டப்போற கார்ல இதைப் பழகாத.