பேசும் மரத்துக்கு எந்த எண் கொடுப்பது? உலக உருவாக்கத்தில் உதவி தேவை

வணக்கம். எங்கள் கற்பனை உலகில் அழியும் நிலையிலுள்ள கோயில், காடு, மந்திரப்பாட்டு எல்லாவற்றையும் ஒரே பட்டியலில் தரம் பிரிக்கிறோம்.

நிஜத்தில் உலக மரபுப் பட்டியலுக்கான யுனெஸ்கோவின் 10 அளவுகோல்களில் முதல் 6 பண்பாட்டுக்கு, மீதி 4 இயற்கைக்கு. அவை மதிப்பைச் சொல்கின்றன, ஆபத்தை அல்ல. ஆபத்திலுள்ள இடங்களுக்கென்று இருக்கும் தனிப் பட்டியலில் படிநிலையே கிடையாது. அழியும் ஆபத்திலுள்ள உயிரினங்களைத் தரம் பிரிக்கும் ஐயுசிஎன் (பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம்) சிவப்புப் பட்டியலில் உண்டு: இனப்பெருக்க வயதை எட்டியவை 50க்குக் கீழே போனால் மிக அருகிய இனம், 250க்குக் கீழே என்றால் அருகிய இனம். அதைப் பார்த்துத்தான் மதிப்புக்கு ஓர் எழுத்து, ஆபத்துக்கு 1 முதல் 5 வரை ஓர் எண் என்று வைத்தோம். ஒரு பாட்டை முழுதாகப் பாடத் தெரிந்தவர் 3 பேருக்கும் குறைவு என்றால் 5.

இடிப்பது பேசும் மரத்தில். மொத்தம் 4,000 மரம், அதனால் இயற்கைக் கணக்கில் 1. பழைய மொழி பேசுவதோ இரண்டே மரம். பண்பாட்டுக் கணக்கில் 5. சராசரி எடுத்தால் 3 வந்து ஆபத்தே மறைந்துவிடுகிறது. ஐயுசிஎன் போல மோசமானதையே எடுத்தால் பாதிப் பட்டியல் 5 ஆகிவிடுகிறது (எல்லாமே அவசரம் என்றால் எதுவும் அவசரமில்லை). இரண்டு எண்களையும் தனித்தனியே காட்டலாமா?

இன்னொன்று, நீக்கும் விதி. ஜெர்மனியின் டிரெஸ்டன் எல்பா பள்ளத்தாக்கு, பாலம் கட்டியதால் 2009இல் உலக மரபுப் பட்டியலிலிருந்து நீக்கப்பட்டது. இறந்ததை மந்திரத்தால் எழுப்ப முடிகிற உலகில் 'அழிந்தது' என்று எப்போது எழுதுவது?