ஃபேமிகாம் சிப்பில் மெட்டு அறுபடுகிறது, வழி சொல்லுங்கள்

வணக்கம் நண்பர்களே. மரியோ விளையாட்டின் இசையமைப்பாளர் கோஜி கொண்டோ 1984-இல் நிண்டெண்டோவில் சேர்ந்த காலத்து ஃபேமிகாம் (நிண்டெண்டோவின் பழைய வீடியோ கேம் கருவி) சிப்பில் இருப்பது ஐந்தே ஒலித் தடங்கள்: இரண்டு பல்ஸ் (சதுர வடிவ அலை), ஒரு முக்கோண அலை, ஓர் இரைச்சல், ஒரு சாம்பிள் (பதிவுசெய்த ஒலித்துணுக்கு). அதற்காக ஃபேமிட்ராக்கர் என்ற இசை மென்பொருளில் எழுதும் விளையாட்டுப் பாட்டில்தான் சிக்கல். குதிக்கும் ஒலி முதல் பல்ஸைப் பிடித்துக்கொள்வதால் மெட்டு அறுந்துபோகிறது. இரண்டாவது பல்ஸுக்கு மாற்றினால் நாணயம் எடுக்கும் ஒலி மோதுகிறது. முக்கோண அலைக்கோ ஒலியளவுக் கட்டுப்பாடே கிடையாது. மெட்டை அங்கே வைத்தால் பேஸ் போய்விடும், பாட்டே மெலிந்துவிடும்.

எல்லா ஒலிகளையும் ஒரே பல்ஸில் முன்னுரிமை வரிசையோடு அடைப்பதா, சிலவற்றை இரைச்சல் தடத்துக்குத் தள்ளுவதா?

இன்னொன்று: மெட்டு திரும்பும்போது 'டிக்' என்கிறது. சுருதியின் மேல்பைட்டை (சுருதியைக் குறிக்கும் எண்ணின் மேல்பகுதியை) சிப்பில் எழுதினாலே அலை முதலிலிருந்து தொடங்கும், அதுதான் காரணம். மேல்பைட் மாறாதபோது எழுதாமல் விடுகிறோம். மாறும்போது என்ன செய்கிறீர்கள்?